இத்தாலியின் விடுதிப்பள்ளி நகைச்சுவைப் படங்களும் எங்கள் பிள்ளைகளும்

விற்றோரியோ டி சிக்கா என்ற பெயரைக் கேட்டதும் எங்களில் பலருக்கு நினைவில் வருவது ஒரு களவுபோன துவிச்சக்கரவண்டிதான். 1948இல் அவர் இயக்கிய 'சைக்கிள் திருடர்கள்', 1952 ஜனவரியில் பம்பாயில் தொடங்கிய இந்தியாவின் முதலாவது சர்வதேசத் திரைப்பட விழாவில் காட்டப்பட்டது. அந்த விழா சென்னைக்கும் சென்றது. அடுத்த ஆண்டு பிமல் ராய் 'தோ பீகா ஜமீன்' எடுத்தார். 1960இல் நிமாய் கோஷ் தமிழில் 'பாதை தெரியுது பார்' எடுத்தார். இலங்கையில் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் 1956இலேயே 'ரேகாவ' படத்தில் கமெராவை ஒரு கிராமத்துச் சிறுவனின் பக்கத்தில் கொண்டுபோய் வைத்துவிட்டார். வேலையற்ற தகப்பன், அவன் கையைப் பிடித்துக்கொண்டு தெருத்தெருவாக நடக்கும் மகன் என்று, டி சிக்கா எங்களிடம் கண்ணீரோடுதான் வந்து சேர்ந்தார்.

அவருக்கு அதற்கு முந்திய ஒரு காலம் உண்டு. இத்தாலி போருக்குள் இறங்கிய 1940ஆம் ஆண்டில் அவர் ஒரு பெண்கள் பாடசாலையை வைத்துச் சிரிப்புப் படம் எடுத்தார். 1941இல் பெண்பிள்ளைகளின் அநாதை இல்லத்தையும், 1942இல் கன்னியாஸ்திரிகள் நடத்திய விடுதிப் பள்ளியையும் களமாக்கினார். அவர் மட்டுமல்ல, மாரியோ மத்தோலியும் ரஃபயேல்லோ மத்தராட்சோவும் இதே காலத்தில் இதே களத்தில் படம் செய்தார்கள். இந்தப் படங்களை உலகம் நீண்ட காலம் பொருட்படுத்தவில்லை. எங்களிடம் அவை வரவே இல்லை. அவை என்ன செய்தன, அவற்றைக் குறைத்து மதிப்பிட்டது சரிதானா, விடுதியும் இல்லமும் இவ்வளவு நிறைந்த எங்கள் மண்ணில் அப்படியொரு சிரிப்பு ஏன் எழவில்லை என்பதை வன்னியின் ஸ்கந்தபுரத்தில் இருந்துகொண்டு ஆராய்வது வீண்வேலை என்று நான் நினைக்கவில்லை.

முதலில் காலத்தைப் பார்ப்போம். 1937 ஏப்ரல் 28ஆம் திகதி முசோலினி உரோமில் சினெசித்தா என்ற பெரும் படப்பிடிப்பு நகரைத் திறந்துவைத்தார். மறு ஆண்டு வெளிநாட்டுப் படங்களை இறக்குமதி செய்யும் உரிமையை அரசு தன் கைக்குள் எடுத்துக்கொண்டது. ஹொலிவூட்டின் பெரிய நிறுவனங்கள் 1939இல் இத்தாலியச் சந்தையை விட்டு விலகின. வெறுமையான திரைகளை உள்ளூர்ப் படங்களால் நிரப்பவேண்டி வந்தது. 1942 அளவில் ஆண்டுக்கு நூறுக்கு மேற்பட்ட படங்கள் வெளிவந்தன. அவற்றில் பெரும்பங்கு, செல்வர் வீட்டு வரவேற்பறைகளில் நடக்கும் காதல் நகைச்சுவைகள். அந்த வீடுகளில் தவறாமல் காணப்பட்ட வெள்ளை நிறத் தொலைபேசியை வைத்து, 'வெள்ளைத் தொலைபேசிப் படங்கள்' என்று பின்னாள் விமர்சகர்கள் அவற்றை இளக்காரமாக அழைத்தார்கள்.

அந்த மரத்தின் ஒரு கிளைதான் பாடசாலைப் பெண்களின் நகைச்சுவை. 1934இல் கொஃப்ரேடோ அலெசாண்ட்ரினி எடுத்த 'இரண்டாம் வகுப்பு பி' இதைத் தொடக்கிவைத்தது. குறும்புக்கார மாணவிகள் நிறைந்த வகுப்பு, அவர்களிடம் அகப்பட்டுத் தவிக்கும் ஒரு கூச்ச சுபாவப் பேராசிரியர் என்ற அமைப்பு அதில்தான் உருவானது. 1939இல் மக்ஸ் நொய்ஃபெல்ட் எடுத்த 'காரணமில்லா வரவின்மை' படத்தில் அலிடா வல்லி பாடசாலையை விட்டுத் திருமணம் செய்துகொண்டு, பிறகு கணவனுக்குத் தெரியாமல் வகுப்புக்குத் திரும்பிப் போகும் பெண்ணாக வந்தார். ஆனாலும் இந்த வகைக்கு உயிர் வந்தது 1940 முடிவில் வெளியான 'மடலேனா, நடத்தைக்குப் பூச்சியம்' படத்தில் என்பேன். நடிகராக, பாடும் கதாநாயகனாகப் புகழ்பெற்றிருந்த டி சிக்கா இயக்குநராகச் செய்த இரண்டாவது படம் அது.

கதை எளியது. ஒரு பெண்கள் பாடசாலை. வணிகக் கடிதம் எழுதக் கற்பிக்கும் எலிசா மல்காரி என்ற இளம் ஆசிரியை. மாணவிகள் அவரை ஒரு பொருட்டாக எண்ணுவதில்லை. பாடநூலின் மாதிரிக் கடிதங்கள் எல்லாம் வியன்னாவில் உள்ள அல்பிரடோ ஹார்ட்மன் என்ற வணிகருக்கு எழுதப்பட்டவை. தனிமையில் வாடும் ஆசிரியை, அந்தப் பாடநூல் மனிதருக்கே மனந்திறந்து ஒரு காதல் கடிதம் எழுதி வைத்திருக்கிறார். அது மாணவிகளின் கையில் அகப்படுகிறது. மடலேனா அதைத் தபாலில் சேர்த்துவிடுகிறாள். அந்தப் பெயரில் வியன்னாவில் உண்மையாகவே ஒருவர் இருக்கிறார். கடிதத்தைக் கையில் எடுத்துக்கொண்டு அவர் உரோமுக்குப் புறப்பட்டு வருகிறார். அவரும் டி சிக்காவேதான். மடலேனாவாக நடித்த கார்லா டெல் பொஜோவுக்கு அப்போது பதினைந்து வயதுகூட நிறையவில்லை. அதுதான் அவருடைய முதற்படம்.

மேலோட்டமாகப் பார்த்தால் பஞ்சு போன்ற கதை. கொஞ்சம் நின்று பார்த்தால் இரண்டு விடயங்கள் தட்டுப்படும். இந்தப் பெண்கள் படிப்பது வணிகக் கடிதம், அதாவது அலுவலக வேலைக்கான படிப்பு. 1938இல் முசோலினியின் அரசு ஒரு ஆணை பிறப்பித்தது: அரச, தனியார் அலுவலகங்களில் பெண்கள் பத்து வீதத்துக்கு மேல் இருக்கக் கூடாது. பெண் என்பவள் பிள்ளை பெறவேண்டியவள், நாட்டுக்குப் படைவீரரைத் தரவேண்டியவள் என்பது ஆட்சியின் கொள்கை. 1926இலேயே உயர்தரப் பாடசாலைகளில் இலக்கியமும் வரலாறும் மெய்யியலும் கற்பிக்கும் பதவிகளிலிருந்து பெண்கள் விலக்கப்பட்டிருந்தார்கள். பத்து வீத வரம்பு 1940இல் போருக்காகத் தளர்த்தப்பட்டது. ஆண்கள் போர்முனைக்குப் போனதே அதற்குக் காரணம். கொள்கை மாறிவிடவில்லை. இந்தப் பின்னணியில், ஒரு வகுப்பு நிறைய இளம்பெண்கள் வேலைக்கான கடிதம் எழுதப் பழகுவதையும், தங்கள் மேல் அதிகாரம் உள்ள எல்லோரையும் சுற்றி வளைத்து ஏமாற்றுவதையும் திரையரங்கில் குடும்பத்தோடு இருந்து பார்த்துச் சிரித்த இத்தாலியரை நினைத்துப் பார்க்கவேண்டும். அரசை எதிர்த்து அந்தப் படம் ஒரு சொல்லும் சொல்லவில்லை. ஆனால் அரசு விரும்பிய பெண்ணை அது காட்டவும் இல்லை.

மற்றது வியன்னா. 1938 மார்ச்சில் ஹிட்லர் ஒஸ்திரியாவை விழுங்கிவிட்டார். 1940இல் படத்தில் வரும் வியன்னாவோ சங்கீதமும் கனவான்களும் நிறைந்த பழைய வியன்னா. இந்தப் படங்களில் பல ஹங்கேரிய நாடகங்களையோ கதைகளையோ மூலமாகக் கொண்டவை. மடலேனாவின் கதைக்கும் மூலம் ஒரு ஹங்கேரிய நாடகம். 1938இல் அது புடாபெஸ்டில் படமாகவும் வந்திருந்தது. இத்தாலியக் குடும்பம் சிதைவதையோ, இத்தாலியப் பெண் வரம்பு மீறுவதையோ தணிக்கை பொறுக்காது. அது ஹங்கேரியில் நடந்தால் பாதகமில்லை. எனவே கதைகளை அந்நிய நிலத்தில் நடத்துவது படக்காரருக்குப் பழக்கமாயிற்று. மடலேனாவின் கதை உரோமிலேயே நடப்பதால் அதன் துணிவு சற்றுக் கூடுதல் என்றே நான் கொள்கிறேன்.

இதன்பின் வந்தவற்றில் மத்தோலியின் '9 மணி: இரசாயனப் பாடம்' (1941) முழுமையான விடுதிப் பள்ளிப் படம். இளம் இரசாயன ஆசிரியர் மேல் வகுப்பே மயங்கிக் கிடக்கிறது. செல்வர் மகளான அன்னா, இரவில் தோட்டத்தில் ஒரு ஆணைச் சந்திக்கும் மரியாவைக் கண்டு பொறாமையில் அவளைக் காட்டிக்கொடுக்கிறாள். வந்தவர் மரியாவின் தகப்பன், சட்டத்துக்குப் பயந்து மறைந்து திரிபவர். காட்டிக்கொடுத்தலின் கொடுமையை ஒரு சிரிப்புப் படம் இவ்வளவு நேராகத் தொட்டது வியப்புத்தான். ஒற்றர்களும் மொட்டைக் கடிதங்களும் மலிந்த ஒரு ஆட்சியின் கீழ் அதைப் பார்த்தவர்களுக்கு அது வெறும் பள்ளிப் பிள்ளைகளின் சண்டையாக மட்டும் பட்டிருக்காது. மரியாவாக வந்த இரசெமா டிலியன் பிரேசிலில் பிறந்த போலந்துக்காரி. மடலேனாவிலும், அடுத்து நான் பேசப்போகும் 'தெரேசா வெனெர்தி'யிலும் அவரே இருக்கிறார். டி சிக்காவின் 'கன்னிமடத்தில் ஒரு கரிபால்டி வீரன்' (1942) கரிபால்டி காலத்துக்குப் பின்னோக்கிப் போகிறது. அழகான படம், ஆனால் வரலாற்று உடைகளுக்குள் குறும்பு சற்று இறுகிவிடுகிறது. மத்தராட்சோவின் 'அப்பாவின் குறும்புக்காரி' (1943), ஆண்பிள்ளை போல வளர்ந்த ஒரு சிறுமியை ஒழுக்கம் பழக்கவென்று விடுதிக்கு அனுப்புவதைச் சொல்கிறது. அதற்கு இசையமைத்தவர் நினோ ரோட்டா. பின்னாளில் 'கோட்ஃபாதர்' இசையால் உலகம் அறிந்தவர்.

இவை எல்லாவற்றிலும் எனக்கு முக்கியமாகப் படுவது 'தெரேசா வெனெர்தி' (1941). கடனில் மூழ்கிய ஒரு சிறுவர் வைத்தியர் வேறு வழியில்லாமல் பெண்பிள்ளைகளின் அநாதை இல்லமொன்றில் மருத்துவப் பொறுப்பை ஏற்கிறார். இதிலும் டி சிக்காவே நடிக்கிறார். இல்லத்தில் தெரேசா என்ற பெண் அவருக்கு உதவியாளாகிறாள். வெளியே ஒரு பாடகி அவரைத் தொல்லை செய்கிறாள். அவளாக வரும் அன்னா மக்னானி நான்கு வருடத்தில் 'உரோம், திறந்த நகர்' படத்தால் உலகப் புகழ் பெறுவார். தெரேசா ஒரு பொழுதில் இல்லத்திலிருந்து ஓடிவந்து, வைத்தியர் தானே அவிழ்க்க முடியாத அவருடைய வாழ்க்கைச் சிக்கல்களை ஒவ்வொன்றாக அவிழ்த்துவிடுகிறாள். அநாதைப் பிள்ளையைப் பார்த்து யாரும் 'ஐயோ பாவம்' என்று சொல்லும்படி ஒரு காட்சியும் இல்லை. அவளுக்கு மூளை இருக்கிறது, ஆசை இருக்கிறது, நடிக்கும் திறமை இருக்கிறது, பொய் சொல்லும் சாமர்த்தியமும் இருக்கிறது. உதவி செய்யப்படவேண்டியவர் படித்த வைத்தியர், உதவுபவள் இல்லத்துப் பிள்ளை. இந்தத் தலைகீழ் மாற்றத்தை நான் மிகப் பெரிதாக மதிக்கிறேன்.

இப்போது விமர்சகர்களின் பக்கம். போர்க்காலத்திலேயே 'சினெமா' சஞ்சிகையில் ஜுசெப்பே டி சாந்திஸ் போன்ற இளைஞர்கள் இந்தப் படங்களை வெறுத்து எழுதினார்கள். நிலமும் உழைப்பும் உள்ள உண்மையான இத்தாலி எங்கே என்று கேட்டார்கள். போர் முடிந்ததும் அவர்களுடைய பார்வையே வென்றது. நியோரியலிசம் வந்தது, முந்தியவை எல்லாம் பொய் என்று ஒதுக்கப்பட்டன. 1970களில் பெசாரோ திரைப்பட விழாவைச் சூழ்ந்த விவாதங்களில்தான் பாசிசக் காலப் படங்களை மறுபடி எடுத்துப் பார்க்கத் தொடங்கினார்கள். 1986இல் மார்சியா லாண்டி அக்காலத்து வணிகப் படங்களைப் பற்றி ஒரு பெரிய நூல் எழுதினார். 1995இல் ஜக்குலின் றைக் இந்தப் பாடசாலைப் பெண் நகைச்சுவைகளையே தனியாக ஆராய்ந்தார். ஆட்சி கேட்ட அடக்கமான பெண்ணுக்கு இடையூறாக, கூட்டாகச் சேர்ந்து மீறும் பெண்களை இவை காட்டின என்பது அவருடைய வாதத்தின் சாரம்.

இந்த இரண்டு தரப்பில் எது சரி? மீறல் எல்லாம் கடைசியில் திருமணத்தில்தான் அடங்குகிறது என்பதை மறுக்க முடியாது. மடலேனாவுக்கும் மாப்பிள்ளை கிடைக்கிறார், ஆசிரியைக்கும் கிடைக்கிறார். அதைவிடப் பாரதூரமான குறை ஒன்று உண்டு. 1938 இலையுதிர் காலத்தில் இனச் சட்டங்கள் வந்தபோது யூத மாணவர்களும் ஆசிரியர்களும் இத்தாலியின் அரச பாடசாலைகளிலிருந்து வெளியேற்றப்பட்டார்கள். இந்தப் படங்களின் வகுப்பறைகளில் அந்த வெற்று வாங்குகளை எவரும் காட்டவில்லை. காட்டவும் விட்டிருக்க மாட்டார்கள். ஒரு வகுப்பில் நேற்று இருந்த பிள்ளை இன்று இல்லை என்றால் அது என்ன என்பது எங்களுக்கு விளங்கும். அதனால் இந்தக் குறையை நான் சிறிதாக்க மாட்டேன்.

இருந்தாலும் தப்பியோடும் கலை என்று ஒரே சொல்லில் ஒதுக்குவதை என்னால் ஏற்க முடியவில்லை. அதற்கு என் சான்று டி சிக்காவின் அடுத்த படங்கள். தெரேசாவுக்குப் பின் எழுத்தாளர் சேசரே சவத்தினியோடு சேர்ந்து அவர் எடுத்த 'பிள்ளைகள் எங்களைப் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள்' படத்தில், தாய் விட்டுப் போக, தகப்பன் மனம் உடைந்துபோக, சிறுவன் பிரிக்கோ ஒரு விடுதிப் பள்ளியில் விடப்படுகிறான். தகப்பன் இறந்தபின் பார்க்க வரும் தாயிடம் அவன் போவதில்லை. 1946இல் வந்த 'ஷூஷா' படத்தில் உரோமின் தெருக்களில் சப்பாத்துத் துடைக்கும் இரண்டு சிறுவர்கள் சிறுவர் சிறைக்குள் போகிறார்கள். மதில், மணியோசை, வரிசையாகக் கட்டில்கள், மேற்பார்வை செய்யும் பெரியவர், தங்களுக்குள் தனிச் சட்டம் வைத்திருக்கும் பிள்ளைகள், ஒரு காட்டிக்கொடுத்தல் என எல்லாம் பாடசாலைப் பெண்களின் சிரிப்புப் படங்களில் ஏற்கெனவே இருந்தவைதான். மூடிய மதிலுக்குள் பிள்ளைகள் எப்படி ஒரு உலகம் அமைத்துக்கொள்கிறார்கள் என்பதை இந்தக் கலைஞர் சிரித்துச் சிரித்துத்தான் முதலில் கற்றார். அந்தப் பயிற்சி இல்லாமல் 'ஷூஷா' இல்லை என்பது என் முடிவு.

விடுதிப் பள்ளியைப் படமாக்கியவர்கள் இத்தாலியர் மட்டுமல்ல. ஜெர்மனியில் லியொன்டீன சாகன் 1931இல் எடுத்த 'சீருடையில் பெண்கள்' துயரமானது. பிரான்சில் ஜோன் வீகோ 1933இல் எடுத்த, மடலேனாவின் தலைப்பையே ஒத்த தலைப்புக் கொண்ட படம், பிள்ளைகள் கூரையில் ஏறிக் கிளர்ச்சி செய்வதோடு முடிகிறது. பிரெஞ்சுத் தணிக்கை அதைப் போர் முடியும் வரைக்கும் தடுத்து வைத்தது. இங்கிலாந்தின் கதை இன்னும் விசித்திரமானது. செயின்ட் டிரினியன்ஸ் என்ற அடங்காப்பிடாரிப் பெண்களின் விடுதிப் பள்ளியை 1941இல் கேலிச்சித்திரமாக வரையத் தொடங்கியவர் றொனால்ட் சேர்ல். அடுத்த ஆண்டு சிங்கப்பூர் வீழ்ந்தபோது அவர் ஜப்பானியரிடம் சிறைப்பட்டார். சயாம்–பர்மா மரண ரயில்பாதையில் வேலை வாங்கப்பட்டார். மலாயாத் தோட்டங்களிலிருந்து கொண்டுபோகப்பட்ட தமிழ்த் தொழிலாளர் பல்லாயிரக் கணக்கில் மாண்ட அதே பாதை. அங்கிருந்து உயிரோடு திரும்பிய பிறகு அவர் அந்தக் குறும்புப் பெண்களைத் தொடர்ந்து வரைந்தார். 1954இல் அவர்கள் திரைக்கும் வந்தார்கள். பெரிய அழிவைக் கண்ட மனிதர் சிரிப்பைக் கைவிட்டுவிடுவார் என்று சொல்பவர்களுக்கு சேர்ல் போதுமான பதில்.

எங்களிடம் விடுதிப் பள்ளி புதியதல்ல. அமெரிக்க மிஷனார் 1823இல் வட்டுக்கோட்டைச் செமினரியையும் 1824இல் உடுவிலில் பெண்பிள்ளைகளுக்கான விடுதிப் பள்ளியையும் தொடங்கினார்கள். சைவப் பெண்பிள்ளைகளுக்கென்று பொன்னம்பலம் இராமநாதன் 1913இல் மருதனார்மடத்தில் இராமநாதன் கல்லூரியை நிறுவினார். 1940களில் கல்வி அமைச்சர் கன்னங்கராவின் இலவசக் கல்வித் திட்டத்தோடு வந்த மத்திய பாடசாலைகள், புலமைப்பரிசில் பெற்ற கிராமத்துப் பிள்ளைகளை விடுதியில் தங்கவைத்துப் படிப்பித்தன. மிஷன் விடுதிகளின் தொடக்க வரலாற்றைப் படித்தால் நகைச்சுவை தானாக வந்து விழும். அமெரிக்காவின் புதிய இங்கிலாந்தில் இருக்கும் நன்கொடையாளர் ஒருவர் பணம் அனுப்புவார், அவர் விரும்பிய பெயர் யாழ்ப்பாணத்துப் பிள்ளைக்குச் சூட்டப்படும். சங்க நூல்களைப் பதிப்பித்த சி. வை. தாமோதரம்பிள்ளையின் பெயரில் வின்ஸ்லோவும் கிங்ஸ்பெரியும் ஒட்டிக்கொண்டது அந்த மரபில்தான். மிஷன் வளவுக்குள் சமைத்ததை உண்ண மறுத்த சாதிமான்களின் பிள்ளைகளுக்கெனத் தனிச் சமையல் ஒழுங்கு செய்யவேண்டியிருந்தது. பெயர் அமெரிக்காவில் இருந்து, சோறு அடுத்த வளவில் இருந்து, பாடம் பைபிளில் இருந்து. அந்தப் பிள்ளைகள் இரவில் தங்களுக்குள் என்னவெல்லாம் சொல்லிச் சிரித்திருப்பார்கள்! அதை எவரும் எழுதி வைக்கவில்லை.

தமிழ்த் திரையில் பாடசாலை ஏராளமாக வருகிறது. விடுதிப் பள்ளியைக் களமாக்கிய நகைச்சுவை ஒரு மரபாக வளரவில்லை. 1965இல் கிருஷ்ணன்–பஞ்சு எடுத்த 'குழந்தையும் தெய்வமும்', ஜெர்மானிய எழுத்தாளர் எரிஹ் கெஸ்ட்னரின் இரட்டைச் சிறுமிகள் கதையிலிருந்து ஹொலிவூட் வழியாக வந்தது. பெரியவர்கள் உடைத்த குடும்பத்தைப் பிள்ளைகள் சூழ்ச்சி செய்து ஒட்டவைக்கும் கதை என்பதால் அது தெரேசாவின் உறவுக்காரி. மட்டக்களப்பின் பிள்ளையான பாலு மகேந்திரா 1979இல் 'அழியாத கோலங்கள்' எடுத்தார். ஆசிரியை மேல் சிறுவர்களுக்கு வரும் மயக்கத்தைக் கண்டிக்காமல் பார்த்த படம் அது. பாண்டிராஜின் 'பசங்க' (2009) பிள்ளைகளின் சண்டையைப் பெரியவர் சண்டைக்குச் சமமாக வைத்தது. இவற்றை விட்டால், 'சாட்டை' (2012), 'ராட்சசி' (2019) வழியில் வருபவை எல்லாம் சீர்கெட்ட பாடசாலையைத் திருத்த வரும் வீர ஆசிரியரின் கதைகள். நல்ல நோக்கம் உள்ள படங்கள்தான். ஆனால் அவற்றில் பிள்ளைகள் காப்பாற்றப்படவேண்டியவர்களாக நிற்கிறார்கள், அறிவு முழுவதும் ஆசிரியர் பக்கத்தில் இருக்கிறது. இத்தாலியப் படங்களில் பெரியவர்களைத் திருத்துபவர்கள் பிள்ளைகள். இந்த ஒரு வேறுபாட்டில்தான் எல்லாம் இருக்கிறது.

சிங்களத் திரையில் இதற்கு அண்மையான முயற்சிகள் உண்டு. சோமரத்ன திசாநாயக்கவின் 'சிறி ராஜ சிறி' (2008) புலமைப்பரிசில் பெற்றுக் கொழும்பின் பெரிய பாடசாலைக்குப் போகும் கிராமத்துச் சிறுவனைப் பற்றியது. இந்திக்க பெர்டினண்டோவின் 'ஹோ கான பொக்குண' (2015) கடலைப் பார்க்க ஏங்கும் ஒரு சிறு பாடசாலையின் பிள்ளைகளைப் பற்றியது. இரண்டையும் எங்கள் பிள்ளைகளுக்குத் தமிழ் எழுத்தோடு காட்டவேண்டும். ஈழத் தமிழ்த் திரையோ 1962இன் 'சமுதாயம்' தொடங்கி 'பொன்மணி', 'வாடைக்காற்று' வரை குடும்பம், சாதி, கடற்கரை என்றே நகர்ந்தது. 1983 ஆடிக் கலவரம் அந்தச் சிறு ஓட்டத்தையும் நிறுத்திவிட்டது. ஆனால் சிரிப்பு எங்களிடம் இல்லாமல் இருக்கவில்லை. சானாவின் 'லண்டன் கந்தையா' வானொலியில் வந்தபோது ஊரே கேட்டது. 'கோமாளிகளின் கும்மாளம்' வானொலியில் வெற்றி பெற்றுத்தான் 1976இல் 'கோமாளிகள்' படமானது. கே. எஸ். பாலச்சந்திரனின் 'அண்ணை றைட்' ஒரு மனிதரை வைத்து ஒரு பஸ் நிறைய ஆட்களைக் காட்டியது. எங்கள் சிரிப்பு வானொலியிலும் மேடையிலும் வாழ்ந்தது. பெரும்பாலும் பெரியவர்களின் சிரிப்பாகவே வாழ்ந்தது.

வன்னிக்கு வருவோம். 1996 புரட்டாதியில் கிளிநொச்சி நகர் படையினரிடம் போனபின், ஸ்கந்தபுரமும் அக்கராயனும் ஒரு நகரம் செய்யவேண்டிய வேலையெல்லாம் செய்தன. சந்தை, வைத்தியசாலை, அலுவலகங்கள், இடம்பெயர்ந்த பாடசாலைகள் எல்லாம் இந்தக் காட்டோரத்துக் குடியேற்றக் கிராமங்களுக்குள் வந்து நிறைந்தன. மரநிழலிலும் தறப்பாளின் கீழும் வகுப்பு நடந்தது. மின்சாரம் இல்லாத அந்த வருடங்களில் ஒரு படம் பார்ப்பது என்றால் ஜெனரேற்றரும் எரிபொருளும் தேடவேண்டும். பெற்றோரைப் பிரிந்தோ இழந்தோ இல்லங்களிலும் விடுதிகளிலும் வளர்ந்த ஒரு தலைமுறை எங்களிடம் உருவானது. 2009இல் போர் முடிந்தபின் அது இன்னும் பெருகியது. பிள்ளைகள் ஒன்றாகத் தங்கும் இடம் என்றால் எங்கள் நினைவு 2006 ஆகஸ்ட் 14ஆம் திகதிக்கும் போகும். அன்று வள்ளிபுனத்தில் செஞ்சோலை வளாகத்தில் பயிற்சிக்காகத் தங்கியிருந்த பாடசாலை மாணவிகள் மேல் விமானங்கள் குண்டு வீசின. பல பிள்ளைகள் திரும்பி வரவில்லை.

இத்தகைய மண்ணில் விடுதிப் பள்ளி நகைச்சுவை என்று பேசுவது தகுமா என்ற கேள்வி நேர்மையான கேள்வி. அதைக் கேட்பவர்களின் வலியை நான் மதிக்கிறேன். என் பதில் இதுதான். எங்கள் இல்லங்களில் வளர்ந்த பிள்ளைகளை உலகம் பார்த்தது இரண்டு வகைப் படங்களில். ஒன்று செய்திப்படம், அதில் அவர்கள் பாதிக்கப்பட்டவர்கள். மற்றது நன்கொடை கொடுப்பவர் நடுவில் நிற்க, புத்தகப்பையோடு வரிசையில் நின்று எடுத்த படம், அதில் அவர்கள் பயனாளிகள். இரண்டிலும் அவர்களுக்குப் பெயர் இல்லை, குரல் இல்லை, குறும்பு இல்லை. புதிய இங்கிலாந்துக் கொடையாளியின் பெயரைச் சுமந்த வட்டுக்கோட்டைப் பிள்ளைக்கும் இவர்களுக்கும் இடையில் இருநூறு வருடம் கடந்தும் நிலைமை அதிகம் மாறவில்லை. இல்லத்தில் வளர்ந்த எவரோடும் பத்து நிமிடம் பேசிப் பாருங்கள். பரிசோதனைக்கு அதிகாரி வரும் நாளில் மட்டும் மேசைக்கு வந்த பூச்சாடி, படிப்பு நேரத்தில் புத்தகத்துக்குள் புத்தகம் வைத்து வாசித்த கதை, மேற்றனின் நடையை அச்சொட்டாகச் செய்து காட்டும் ஒரு பெட்டை, ஒரு பிள்ளைக்கு வந்த பலகாரப் பொதியை முப்பது பேர் பங்கிட்ட கணக்கு வழக்கு என்று சிரிக்கச் சிரிக்கச் சொல்வார்கள். துயரம் தெரியாமல் சொல்வதில்லை. தெரிந்துதான் சொல்கிறார்கள். தெரேசாவின் படத்தை எடுத்தவர் பார்த்ததும் இந்தத் தெம்பைத்தான்.

அதிகாரத்தைப் பார்த்துச் சிரிக்கப் பழகாத பிள்ளை அதற்கு அடிபணியவோ அதைப்போல ஆகவோ மட்டுமே பழகும். எங்கள் பாடசாலைகளில் அடியும் ஏச்சும் இன்னும் போகவில்லை. பிள்ளை சொல்வதைக் கேட்டால் பிள்ளை கெட்டுவிடும் என்ற எண்ணமும் போகவில்லை. ஒரு வகுப்பு மாணவிகள் தங்கள் ஆசிரியையின் தனிமையைக் கண்டுபிடித்து அதைத் தீர்த்தும் வைக்கும் கதையை எங்கள் அதிபர்களும் ரீச்சர்மாரும் பார்க்கவேண்டும். அதில் ஆசிரியை அவமானப்படவில்லை, மனிசியாகிறார்.

படம் எடுக்கப் பெரும் பணம் வேண்டாம். பாடசாலையில் நாடகமும் அரங்கியலும் ஒரு பாடமாக இருக்கிறது. தமிழ்மொழித் தினப் போட்டிகளில் ஒவ்வொரு வருடமும் நாடகம் மேடையேறுகிறது. அந்த மேடைகளில் இதிகாசமும் அறிவுரையும் போதியளவு வந்துவிட்டன. கிளிநொச்சி, முல்லைத்தீவு, வவுனியா வலயங்களின் நாடக ஆசிரியர்களிடம் நான் கேட்பது இது: அடுத்த போட்டிக்கு ஒரு விடுதியின் ஒரு நாளை எடுத்துக்கொள்ளுங்கள். பிரதியைப் பிள்ளைகளே எழுதட்டும், அதிபரின் பாத்திரத்தையும் அவர்களே எழுதட்டும். இல்லங்களிலும் விடுதிகளிலும் வளர்ந்து இன்று தாதியராக, ஆசிரியராக, வெளிநாடுகளில் தொழிலாளராக இருக்கும் எங்கள் தங்கைமாரிடமும் தம்பிமாரிடமும் ஒரு வேண்டுகோள். நீங்கள் சிரித்த கதைகளை எழுதுங்கள். எழுத நேரமில்லையென்றால் தொலைபேசியில் பேசிப் பதிவு செய்து, உங்கள் பழைய பாடசாலை நூலகத்துக்கு அனுப்பிவையுங்கள்.